வாங்க சொல்லாத வீடு

என் அத்தையை எனக்குப் பிடிக்காது. செத்துப்போன மனுசியைப் பற்றி இப்படியா எழுதுவது என்று முகம் சுளிப்பவர்கள் இந்த இடத்திலேயே புத்தகத்தை மூடி வைத்துவிடலாம். அவள் உயிரோடு இருந்தபோது அவள் முகத்துக்கு நேராகவும் நான் இதைத்தான் சொன்னேன். செத்ததால் எவளும் நல்லவள் ஆகிவிடுவதில்லை.

அவள் என் அப்பாவுடைய அக்கா. எங்கள் பக்கம் அப்பாவை அய்யன் என்போம், அம்மாவை ஆத்தா என்போம், புருசனின் அக்காவை நங்கையா என்போம். புதுச்சத்திரத்துக்கு மேற்கே எங்கள் தோட்டம். கிணறு, கவலை ஓட்டித் தண்ணி இறைக்க இரண்டு ஜோடி எருது, வீடு, மாட்டுக்கொட்டாய் எல்லாம் தோட்டத்துக்குள்ளேயே. அத்தையைக் கட்டிக் கொடுத்த ஊர் அங்கிருந்து இரண்டு கல் தூரம். நினைத்தால் நடந்தே வந்துவிடுவாள், நினைத்துக்கொண்டே இருப்பாள்.

எங்கள் சனத்தில் வீட்டுக்கு வருகிறவரை ‘வாங்க’ என்று வாய் திறந்து சொல்லியாக வேண்டும். பத்து ஒறம்பரை, அதாவது உறவுக்காரர்கள், சேர்ந்து வந்தால் பத்துப் பேருக்கும் தனித்தனியாக, முறை வைத்துச் சொல்ல வேண்டும்: வாங்க மாமா, வாங்க சின்னம்மா, வாங்க மச்சான். எல்லோருக்கும் சேர்த்து மொத்தமாக ஒரு கும்பிடு போடுவதெல்லாம் பட்டணத்துப் பழக்கம். ஒருத்தரை விட்டுவிட்டால் போச்சு. சொம்பில் தண்ணி நீட்டினாலும் தொடமாட்டார். வாசலோடு திரும்பிவிடுவார். அதற்குப் பிறகு அந்த வீட்டுக்கும் இந்த வீட்டுக்கும் நல்லது கெட்டது கிடையாது.

ஆத்தா செய்த குற்றம் இதுதான். எனக்கு அஞ்சு வயசு. ஆத்தாவுக்குக் கடவாய்ப் பல்லில் வலி, கன்னம் வீங்கியிருந்தது. வாய் நிறைய உப்புத் தண்ணியை அடக்கிக்கொண்டு வாசல் கூட்டிக்கொண்டிருந்தாள். அத்தை வந்தாள். ஆத்தா தலையை ஆட்டி, கையைக் காட்டி, சிரித்தாள். அவ்வளவுதான். வாய் திறக்கவில்லை. ஓடிப்போய் வேலியோரம் துப்பிவிட்டு வந்து “வாங்க நங்கையா, வாங்க” என்றாள். அதற்குள் அத்தையின் முகம் மாறிவிட்டது.

“நாய் வந்தாக்கூட ‘ச்சீ’ன்னு ஒரு சொல்லுச் சொல்லுவாங்க. எனக்கு அதுங்கூட இல்லை” என்றாள். “பல்லு வலிங்க நங்கையா” என்று ஆத்தா கன்னத்தைக் காட்டினாள். “நெனப்பு வந்த பொறவு சொல்ற வாங்க உன்னோடயே இருக்கட்டும்.”

அன்றோடு ஆத்தாவிடம் பேச்சை நிறுத்தினாள். வருவதை நிறுத்தினாளா? அதுதான் இல்லை! அவள் தம்பி வீடாச்சே. நோம்பிக்கு வந்தாள், கிடா வெட்டுக்கு வந்தாள், ஒன்றும் இல்லாவிட்டாலும் வந்தாள். வந்து நடுவீட்டில் உட்கார்ந்துகொண்டு, “உங்காத்தாகிட்டச் சொல்லு, கொழம்புல உப்பு இல்லைன்னு” என்று என்னிடம் சொல்வாள். ஆத்தா ஒரு முழம் தள்ளி நின்று சோறு போட்டுக்கொண்டிருப்பாள். நான் திரும்பி, “ஆத்தா, கொழம்புல உப்பு இல்லையாம்” என்பேன். ஆத்தா என்னைப் பார்த்து, “இருக்குதுன்னு சொல்லு” என்பாள். அஞ்சு வயசுக் குழந்தையை நடுவில் நிறுத்திக்கொண்டு இரண்டு பெண்கள். ஆத்தாவுக்கு வேறு வழி இல்லை. இவளுக்கு இருந்தது.

ஒரு தடவை எனக்கு எரிச்சல் தாங்கவில்லை. “உங்காத்தா வடிச்ச சோறு மாட்டுக்குக்கூட ஆகாதுன்னு சொல்லு” என்றாள் அத்தை. நான் திரும்பி, “ஆத்தா, அத்தைக்கு இன்னும் ரெண்டு கரண்டி சோறு வேணுமாம்” என்றேன். ஆத்தாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அத்தை கரண்டியைப் பிடுங்கி என் முட்டியில் போட்டாள். அந்தத் தழும்பு இன்னும் இருக்கிறது.

அன்றைக்குத்தான் எனக்கு ஒன்று புரிந்தது. புரிந்ததைச் சொல்லத் தெரியாமல் ரொம்ப வருசம் சுமந்தேன், இப்போது சொல்கிறேன். அத்தை சொன்னது எல்லாம் ஆத்தாவின் காதில் நேராகவே விழுந்தது. சேதி போய்ச் சேருவதற்கு நான் தேவையே இல்லை. அந்தச் சொற்கள் சேதி சொல்ல வந்தவை அல்ல. ஆத்தாவை அந்த வீட்டில் இல்லாதவளாக ஆக்க வந்தவை. சோறு போட்ட கை அங்கே இருக்கிறது, சேலை இருக்கிறது, மூச்சு இருக்கிறது, ஆள் மட்டும் இல்லை. ஒரு சொல் சொல்லி ஒருத்தியை உண்டாக்கலாம் என்றால், ஒரு சொல் சொல்லாமலே அவளை அழித்தும் போடலாம். மழை பெய்கிறது என்று நூறு தடவை சொன்னாலும் ஒரு சொட்டு விழாது. ஆனால் ‘வாங்க’ என்று சொல்லாவிட்டால் வந்தவர் வராதவர்தான்.

என்னைப் பற்றி ஒரு சொல் நான் பிறப்பதற்கு முன்பே சொல்லி முடித்திருந்தார்கள். எங்கள் கல்யாணங்களில் இணைச்சீர் என்று ஒன்று உண்டு. மாப்பிள்ளையின் கூடப்பிறந்தவளைச் சபையில் நிறுத்தி, கூறைச் சேலையின் ஒரு தலைப்பை அவள் கையிலும் மறு தலைப்பை அவன் கையிலும் கொடுப்பார்கள். தனக்குப் பிறக்கும் பெண்ணை அவள் மகனுக்குக் கொடுக்கிறேன் என்று அவன் ஒப்புக்கொண்டதாக அதற்கு அர்த்தம். அய்யன் கல்யாணத்தில் அத்தைதான் அப்படி நின்றாள். அப்போது அவள் மகனுக்கு நாலு வயசு. நான் எங்கே இருந்தேன்? எங்கேயும் இல்லை. இல்லாதவளைக் கொடுத்தான் ஒருத்தன், வாங்கிக்கொண்டாள் ஒருத்தி. எனக்கு அண்ணன் தம்பியும் பிறக்காமல் போனதால், தோட்டமும் கிணறும் என்னோடு சேர்ந்து வரும் என்ற கணக்கு வேறு அவளுக்கு.

அத்தை மகனைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். ஆள் நல்ல உயரம், வேலைக்காரன், குடி கிடையாது. ஆனால் அவனும் ஆத்தாவிடம் பேசமாட்டான். அவன் தாய் என்ன செய்தாளோ அதையே அவனும் செய்தான். எனக்குப் பதினாலு வயசு இருக்கும்போது ஒரு நாள், ஆத்தா சோளத்தட்டுக் கட்டைத் தலையில் வைத்துக்கொண்டு வண்டித்தடத்தில் வந்தாள். கால் இடறிக் கட்டோடு விழுந்தாள். எதிரே அவன் வந்தான். நின்றான், பார்த்தான், சுற்றிக்கொண்டு போய்விட்டான். ‘தள்ளுங்க’ என்றுகூடச் சொல்லவில்லை. நான் கிணற்று மேட்டிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். இவனுக்கா நான் சோறு போடப் போகிறேன், அந்தப் பொம்பளையின் நடுவீட்டில் இனி நானா ஆள் இல்லாமல் நிற்கப் போகிறேன் என்று நினைத்தேன். செத்தாலும் மாட்டேன் என்று அன்றே முடிவு செய்துவிட்டேன்.

முடிவு செய்து என்ன செய்ய? எங்களைக் கேட்டா கொடுத்தார்கள்? வேண்டாம் என்று அய்யனிடம் அழுதேன். “கல்யாணத்தன்னைக்கே சொல்லியாச்சு சாமி. சொன்ன சொல்லைத் திருப்ப முடியாது” என்றார். அவர் கெட்டவர் இல்லை, சொன்ன சொல்லுக்குப் பயந்தவர். அந்தப் பயத்துக்கு நான் ஏன் பலியாக வேண்டும்?

ஒரு தடவை மாட்டுக்கொட்டாயில் அவனைத் தனியாகப் பார்த்தபோது, வேண்டுமென்றே “ஏனுங்கண்ணா” என்று கூப்பிட்டுப் பார்த்தேன். முறைமாப்பிள்ளையை எந்தப் பெண்ணும் அப்படிக் கூப்பிடமாட்டாள். அண்ணன் என்று ஆகிவிட்டால் கட்டிக்கொள்ள முறை இல்லை. அவன் சிரித்தான். ஒரு சாண உருண்டையை எடுத்து என்மேல் எறிந்தான். “கொட்டாயில கூப்புட்டா எருமைக்குத்தான் கேக்கும்” என்றான். கோபத்தில் எனக்குக் கண்ணில் தண்ணி வந்துவிட்டது. ஆனால் அவன் சொன்னது நிஜம். அதே சொல்தான், அதே வாய்தான். நின்ற இடம்தான் சரியில்லை.

எனக்குப் பதினாறு முடிந்ததும் உறுதி வார்த்தைக்கு நாள் குறித்தார்கள். நிச்சயத்தை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வார்கள். பேரைப் பாருங்கள், உறுதி வார்த்தை! பெண்ணின் வாயிலிருந்து மட்டும் ஒரு வார்த்தையும் வாங்கமாட்டார்கள். வாசலில் தென்னோலைப் பந்தல் போட்டார்கள். கல்யாணச் சடங்குகளை முன்நின்று நடத்தி வைக்கும் பெரியவர் ஒருவர் வந்து உட்கார்ந்தார், அவரை அருமைக்காரர் என்போம். அத்தை வீட்டார் மூன்று சவாரி வண்டியில் வந்து இறங்கினார்கள்.

இறங்கியவர்களுக்குத் தண்ணி கொடுத்து ‘வாங்க’ சொல்வது பெண்ணின் வேலை. ஒரு கையில் சொம்பு, ஒரு கையில் குடம். ஆத்தா கதவோரம் நின்றாள். நான் வரிசையாகப் போனேன். வாங்க மாமா. வாங்க பெரியப்பா. வாங்க சின்னம்மா. வாங்க அத்தை, அவளுக்கும் சொன்னேன், ஒரு எழுத்துக் குறைக்காமல் சொன்னேன். எல்லோரும் தண்ணியை வாங்கிக் குடித்தார்கள். கடைசியில் அவன். வேட்டி புதுசு, நெற்றியில் திருநீறு. சொம்பை நீட்டினேன்.

“வாங்கண்ணா” என்றேன்.

வண்டி மாடு கழுத்தை ஆட்டிய மணிச் சத்தம் மட்டும் கேட்டது. யாரோ ஒரு கிழவர், “புள்ளைக்கு வாய் தவறிருச்சு. வெக்கம். இன்னொருக்காச் சொல்லு சாமி, செரியாச் சொல்லு” என்றார். நல்ல மனுசர், எனக்குத் தப்பிக்க வழி விட்டார். நான் அந்த வழியில் போகவில்லை. இன்னும் சத்தமாக, கடைசி வண்டிக்காரனுக்கும் கேட்கும்படியாக, “வாங்கண்ணா, தண்ணி குடிங்க” என்றேன்.

அய்யன் எழுந்து வந்து அறைந்த அறையில் என் காது அடைத்துக்கொண்டது. சொம்பை மட்டும் விடவில்லை. அருமைக்காரர் வெற்றிலைத் தட்டைத் தள்ளி வைத்தார். “சபையில தண்ணியோட முறை வெச்சுச் சொல்லிருச்சுங்க. இனி நான் எப்படி இதை முடிச்சு வெக்கறது?” என்றார். அத்தை கீழே குனிந்து ஒரு கை மண்ணை வாரி என் தலையில் தூற்றினாள். “வெள்ளச்சீலை கட்டி மூலையில உக்காருவே. அதை இந்தக் கண்ணுல பாக்காம நான் சாகமாட்டேன்” என்றாள்.

அவன் என்ன செய்தான் தெரியுமா? தண்ணியைக் கீழே கொட்டியிருக்கலாம். கொட்டியிருந்தால் நான் சொன்னது என்னோடு போயிருக்கும். கண் ரெண்டும் சிவந்துபோய் என்னைப் பார்த்தான். சொம்பை வாங்கினான். ஒரு சொட்டு மிச்சமில்லாமல் குடித்துவிட்டுக் கவிழ்த்து வைத்தான். “அண்ணங்கறா. அண்ணனாவே இருந்துட்டுப் போறேன்” என்றான். ரோசம்! அவன் குடித்ததால்தான் அது முடிந்தது. எனக்குச் சந்தோசமாக இருந்தது, காது வலிக்க வலிக்கச் சந்தோசமாக இருந்தது. அவனுக்கு அதற்குப் பிறகு சந்தையில் அண்ணன் என்றே பேர் வைத்துவிட்டார்கள் என்றும், வந்த இரண்டு சம்பந்தமும் கைவிட்டுப் போனது என்றும் கேள்விப்பட்டபோதும் நான் வருத்தப்படவில்லை. பொய் சொல்வானேன்.

அடுத்த வருசம் என்னைத் தம்மம்பட்டிப் பக்கம் குடியேறியிருந்த எங்கள் சனத்தில் கொடுத்தார்கள். தூரம் போகட்டும் சனியன் என்றுதான் கொடுத்தார்கள். அங்கே பண்ணையத்துக்கு வருகிற பெண்கள் என் ‘ஏனுங்க’வைக் கேட்டுச் சிரிப்பார்கள். என் புருசன் சிரிக்கமாட்டார். அதிகம் பேசாதவர். ஆனால் ஆத்தா எப்போதாவது வந்தால், ஏர் ஓட்டிக்கொண்டிருந்தாலும் வயலிலிருந்தே “வாங்கத்தை!” என்று கத்துவார். சேற்றுக் கையோடு ஓடி வந்து பக்கத்தில் நின்று இன்னொரு தடவை சொல்வார். ஆத்தா அதைக் கேட்பதற்கென்றே வண்டிக்குக் காசு சேர்த்து வைத்துக்கொண்டு வருவாள். அவள் முகத்தைப் பார்த்தாலே எனக்குத் தெரியும்.

இரண்டு வருசத்தில் அய்யன் செத்தார். எழவு வீட்டில் யாரும் யாரையும் ‘வாங்க’ என்று சொல்லக்கூடாது. போகிறவர்கள் ‘வாரேன்’ என்று சொல்லக்கூடாது, எழுந்து போய்விட வேண்டும். அன்றைக்கு அத்தைக்கு அது வசதியாகப் போயிற்று. மகனைக் கூட்டி வராமல் தனியாக வந்தாள், அழுதாள், ஆத்தாவின் முகத்தைப் பார்க்காமலே போனாள். பங்காளிகள் கிணற்றுக்காகச் சண்டை பிடித்து ஆத்தாவோடு உறவை முறித்துக்கொண்டார்கள். மறு வருசம் அத்தையின் புருசனும் செத்தார். சாபம் போட்டவள் எனக்கு முன்னால் வெள்ளைச்சேலை கட்டினாள். அதை யாரும் பேசவில்லை.

எனக்கு இருபத்தினாலு வயசில் என் புருசன் காய்ச்சலில் போனார். உலகச் சண்டை நடந்த காலம். மருந்து இல்லை, அரிசி இல்லை, துணிகூடக் கடையில் கிடைக்காது. ஏழு நாள் காய்ச்சல், எட்டாம் நாள் விடியும்போது மூச்சு நின்றுவிட்டது. சாபம் பலித்துவிட்டது என்று ஊர் பேசியது. மண்ணாங்கட்டி! ஒரு கை மண்ணும் ஒரு வாய்ச் சொல்லும் இரண்டு மலைக்கு அந்தப் பக்கம் போய் ஒரு மனுசனுக்குக் காய்ச்சல் கொண்டுவருமா? சொல்லுக்கு அந்த வேலை தெரியாது. தெரிந்திருந்தால், அவரை எழுந்திருக்கச் சொல்லி நான் கத்திய கத்தலுக்கு அவர் எழுந்திருப்பார்.

ஆனால் சொல்லுக்குத் தெரிந்த வேலை ஒன்று அன்றைக்கு என்னைத் தேடி வந்தது.

புருசன் செத்தவளுக்குப் பிறந்த வீட்டிலிருந்து கோடி வர வேண்டும். கோடி என்றால் புது வெள்ளைச்சேலை. கூடப்பிறந்தவன் கொண்டுவந்து தலையில் போட வேண்டும். அது வராமல் பிணத்தை எடுக்கமாட்டார்கள். முதல் பஸ்ஸில் புதுச்சத்திரத்துக்கு ஆள் போயிருந்தான். உச்சிப்பொழுது ஆயிற்று. “பொறந்த ஊட்டுக் கோடி இன்னும் வல்லீங்களா?” என்று ஆளாளுக்குக் கேட்டார்கள். “இந்தப் புள்ளைக்கு அண்ணன் தம்பி யாருமில்லையா?” என்று ஒருத்தி என் காதுபடவே கேட்டாள். வெயிலில் என் புருசன் கிடந்தார். அனாதை என்று பேர் வாங்கிக் கொடுத்து அவரை அனுப்பப் போகிறேனே என்று எனக்கு மாரில் அடித்துக்கொள்ளத் தோன்றியது.

பொழுது சாய ஆரம்பித்தபோது அடுப்புக்கரிப் புகையில் ஓடும் கரிவண்டி பஸ் வந்து நின்றது. புகை கலைந்தபிறகு ஆத்தா இறங்கினாள். அவளுக்குப் பின்னால் அவன் இறங்கினான், கையில் ஒரு துணி மூட்டையோடு. எட்டு வருசம் கழித்து அவனைப் பார்க்கிறேன். காதோரம் நரைத்திருந்தது. வாசலில் ஆண்கள் மறித்து, “நீங்க யாருங்க?” என்று கேட்டார்கள்.

“அண்ணன்” என்றான்.

அவனைப் பார்த்ததும் என் வாய் தானாகத் திறந்தது. என்ன சொல்ல வந்தேன் என்று எனக்குத் தெரியும். மூலையில் என்னைப் பிடித்துக்கொண்டிருந்த பெண்கள் வாயைப் பொத்திவிட்டார்கள். “எழவு ஊட்டுல சொல்லக் கூடாது சாமி” என்றார்கள்.

அவன் மூட்டையைப் பிரித்தான். ஜலகண்டாபுரத்துத் தறியில் நெய்த வெள்ளைச்சேலை, மடிப்புக் கலையாதது. அந்தக் காலத்தில் அப்படி ஒரு சேலை கடையில் கிடைக்க வாய்ப்பே இல்லை. அத்தையின் பெட்டியிலிருந்து எடுத்து வந்திருக்கிறான் என்று பிறகுதான் தெரிந்தது. அவள் நோம்பிக்குக் கட்ட வைத்திருந்ததாம். என் தலையில் போட்டான். குனிந்தபோது, எனக்கு மட்டும் கேட்கும்படி, “எங்காத்தா, தான் சொன்னது பலிச்சுதும்பா. இல்லை. நீ சொன்னதுதான் பலிச்சுது” என்றான்.

அவன் கண்ணைப் பார்த்தேன். இரக்கம் ஒன்றும் இல்லை. அன்றைக்குப் பந்தலில் சிவந்த அதே கண். எட்டு வருசம் சந்தையில் பட்ட அவமானத்தை எல்லாம் அந்தச் சேலையோடு சேர்த்து என் தலையில் போட்டான். போடட்டும். நான் ‘அண்ணா’ என்று கூப்பிட்டபோது என் மனசில் மட்டும் பாசமா இருந்தது? வெறுப்பில் சொன்ன சொல் அவனை அண்ணன் ஆக்கியது. வெறுப்பில் போட்ட கோடியும் கோடிதான். பிணத்தை எடுத்தார்கள். என் புருசன் அனாதையாகப் போகவில்லை.

அவன் எழுந்து, யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் போய்விட்டான். சாயங்காலம் மூலையில் ஆத்தாவும் நானும்தான் இருந்தோம். “அவங்கிட்ட நீ எதுக்குப் போனே?” என்று கேட்டேன். அந்த நேரத்திலும் எனக்குக் கோபம்தான்.

“வேற எங்க போவேன்? அவ ஊட்டு வாசல்ல போயி நின்னேன். அவ பாத்துட்டு உள்ள போயிட்டா” என்றாள் ஆத்தா. சேலைத் தலைப்பைக் கையில் திருகினாள். “அவந்தான் கொட்டாயிலிருந்து வெளிய வந்தான். எழவு சொல்ல வந்திருக்கறேன்னு அவனுக்குத் தெரியாதில்ல. ‘வாங்கத்தை’ன்னான்.”

பத்தொன்பது வருசம் ஆத்தா அந்த வீட்டிலிருந்து கேட்காத சொல். அதை அவள் கேட்பதற்கு என் புருசன் சாக வேண்டியிருந்தது.